நாடி சோதிட ஏடுகள்

நாடி சோதிட ஏடுகள் என்பவை, ஒருவருடைய இறந்தகாலம், நிகழ்காலம், எதிர்காலம் ஆகிய மூன்றையும் அவர் பிறப்பதற்குப் பல நூற்றாண்டுகளுக்கு முன்பே முனிவர்கள் எழுதி வைத்துள்ளதாக நம்பப்படும் பனையோலைச் சுவடிகள் ஆகும். இவ்வேடுகளைத் தேடி எடுத்துப் படித்துப் பலன் கூறும் முறை நாடி சோதிடம் எனப்படுகிறது. தமிழ்நாட்டில், மயிலாடுதுறை மாவட்டத்தில் சீர்காழிக்கு அருகில் அமைந்துள்ள வைத்தீசுவரன்கோயில் என்னும் ஊர் இம்முறைக்குப் பெயர் பெற்றது. காஞ்சிபுரம், சென்னை முதலிய இடங்களிலும் நாடி சோதிட நிலையங்கள் உள்ளன. வட இந்தியாவில், பஞ்சாபின் ஓசியார்ப்பூர் நகரில் வழங்கும் பிருகு சங்கிதை ஏடுகள் இதனை ஒத்தவை.

காலத்தைக் கடந்து அறியும் ஆற்றல் ஓர் ஏட்டுக்கு உண்டா என்பதே நாடி சோதிடம் பற்றிய அடிப்படைக் கேள்வி. ஓலை எப்போது வெட்டப்பட்டது, அதில் எழுத்து எப்போது பொறிக்கப்பட்டது, படிக்கப்படும் செய்தி ஓலையிலிருந்துதான் வருகிறதா என்னும் மூன்றையும் தனித்தனியே ஆராய்ந்தால்தான் அக்கேள்விக்கு விடை காண முடியும்.

சித்த மருத்துவத்தில் மணிக்கட்டு நாடியைப் பார்த்து நோயறியும் முறைக்கும் இதற்கும் பெயரளவில் மட்டுமே ஒற்றுமை உண்டு.

பெயர்க் காரணம்

பழைய இந்திய வானியல் நூல்களில் நாடி என்பது ஒரு கால அளவு. ஒரு நாள் 60 நாடிகளாகப் பகுக்கப்பட்டது. ஆகவே ஒரு நாடி இன்றைய கணக்கில் 24 நிமிடம் ஆகும். தமிழில் நாழிகை என வழங்குவதும் இதுவே. நாடியை மீண்டும் அறுபதாகப் பகுத்தால் கிடைப்பது விநாடி. பழைய விநாடி இன்றைய கடிகாரத்தின் 24 நொடிகளுக்குச் சமம். இக்காலத் தமிழில் நொடி என்னும் பொருளில் வழங்கும் விநாடி என்ற சொல் இப்பழைய அளவின் பெயரே. அதன் அளவு மட்டும் மாறிவிட்டது.

ஏட்டைப் பார்க்க வேண்டியவர் உரிய வயதில் தாமே நாடி வருவார் என்பதால் இப்பெயர் வந்தது என்று நாடி சோதிடர்கள் விளக்கம் கூறுவதுண்டு. இது பிற்காலத்தில் மக்களிடையே தோன்றிய விளக்கமாகக் கொள்ளத்தக்கது.

மரபுவழிச் செய்தி

அகத்தியர், வசிட்டர், கௌசிகர், பிருகு, சுகர், காகபுசண்டர் முதலிய முனிவர்கள் தம் ஞான நோக்கால் மனிதர்களின் வாழ்க்கையைக் கண்டு பாடல்களாக எழுதினர் என்பது நாடி சோதிட மரபின் கூற்று. ஏடுகளும் அகத்தியர் நாடி, வசிட்டர் நாடி, கௌசிக நாடி, சிவ நாடி என அவர்கள் பெயராலும் தெய்வப் பெயராலும் வழங்குகின்றன. அகத்தியர் நாடியே மிகுதியாகப் படிக்கப்படுகிறது.

இந்த ஏடுகள் தஞ்சை அரண்மனையில் பாதுகாக்கப்பட்டிருந்தன என்றும், ஆங்கிலேயர் ஆட்சிக்காலத்தில் ஏலம் விடப்பட்டன என்றும், அவற்றை வைத்தீசுவரன்கோயிலைச் சேர்ந்த குடும்பங்கள் வாங்கித் தலைமுறை தலைமுறையாகக் காத்துவருகின்றன என்றும் சோதிடர்கள் கூறுகின்றனர். எல்லா மனிதருக்கும் ஏடு இல்லை, ஏடு பார்க்க வர விதிக்கப்பட்டவருக்கு மட்டுமே உண்டு என்பதும் இம்மரபின் ஒரு பகுதி. ஏடு கிடைக்காதபோது இந்த விளக்கமே தரப்படுகிறது.

வைத்தீசுவரன்கோயில்

இவ்வூரில் உள்ள வைத்தியநாதசுவாமி கோயில், நோய் தீர்க்கும் தலமாகவும் நவக்கிரகத் தலங்களுள் செவ்வாய்க்கு உரியதாகவும் வழிபடப்படுகிறது. இறைவி தையல்நாயகி. புள்ளிருக்குவேளூர் என்பது ஊரின் பழைய பெயர். நோயும் திருமணத் தடையும் தீர வேண்டி வருவோரே இத்தலத்திற்கு மிகுதி. நாடி சோதிடத்தை நாடுவோரின் கேள்விகளும் பெரும்பாலும் இவையே ஆதலால், கோயிலைச் சுற்றி இத்தொழில் வேரூன்றியது வியப்பன்று.

கடலூர், நெய்வேலி, சிதம்பரம் வட்டாரத்தினருக்கு இது எளிதில் சென்று திரும்பக்கூடிய தொலைவில் உள்ளது. பழுப்பு நிலக்கரிச் சுரங்கத்தைச் சார்ந்து எழுந்த நெய்வேலி நகரியத்திலிருந்து வடலூர், சேத்தியாத்தோப்பு, சிதம்பரம், சீர்காழி வழியாக இவ்வூரை அடையலாம்.

ஏடு பார்க்கும் முறை

நிலையத்துக்கு நிலையம் சிறு வேறுபாடுகள் உண்டு எனினும் பொதுவான முறை பின்வருமாறு:

- வந்தவரின் பெருவிரல் ரேகை பதிவு செய்யப்படுகிறது. ஆண்களுக்கு வலக்கை, பெண்களுக்கு இடக்கை.
- ரேகையில் காணப்படும் சங்கு, சக்கரம் முதலிய வடிவங்களையும் புள்ளிகளையும் கொண்டு அது இன்ன வகை என்று முடிவு செய்யப்படுகிறது. மொத்தம் 108 வகைகள் என்பர்.
- அவ்வகைக்குரிய ஓலைக் கட்டுகள் தேடி எடுக்கப்படுகின்றன.
- ஒவ்வோர் ஓலையிலும் உள்ளதாகச் சில செய்திகள் கேள்வி வடிவில் கூறப்படுகின்றன. வந்தவர் ஆம் அல்லது இல்லை என்று மட்டும் விடை கூற வேண்டும். விடை இல்லை எனில் அடுத்த ஓலைக்குச் செல்வர்.
- எல்லாச் செய்திகளும் பொருந்தும் ஓலையே அவருடைய ஏடு. அதில் அவர் பெயர், தாய் தந்தையர் பெயர், பிறந்த நட்சத்திரம், கோள்நிலை முதலியவை இருப்பதாகப் படித்துக் காட்டப்படுகின்றன.
- பின்னர் ஏட்டிலுள்ள பாடல்கள் ஒரு குறிப்பேட்டில் எழுதித் தரப்பட்டு விளக்கப்படுகின்றன. முன்னர் ஒலிநாடாவிலும் பதிவு செய்து தந்தனர்.

ஓலையைத் தேடும் பணி சில மணி நேரத்தில் முடிவதும் உண்டு. பல நாட்கள் நீள்வதும் உண்டு.

காண்டங்கள்

பலன்கள் காண்டம் என்னும் பிரிவுகளாகப் பகுக்கப்பட்டுள்ளன. முதல் 12 காண்டங்கள் சாதகக் கட்டத்தின் 12 வீடுகளுக்கு இணையானவை.

- 1: வாழ்க்கையின் பொதுப் பலன்
- 2: செல்வம், குடும்பம், கல்வி
- 3: உடன்பிறந்தோர்
- 4: தாய், வீடு, நிலம், ஊர்தி
- 5: மக்கட்பேறு
- 6: நோய், கடன், பகை
- 7: திருமணம்
- 8: ஆயுள்
- 9: தந்தை, ஆலய வழிபாடு
- 10: தொழில்
- 11: இலாபம்
- 12: செலவு, அயல்நாட்டுப் பயணம், மறுபிறப்பு
- 13 (சாந்தி காண்டம்): முற்பிறப்பின் வினைகளும் அவற்றுக்கான பரிகாரமும்
- 14 (தீட்சை காண்டம்): மந்திர செபம், காப்பு
- 15 (ஔடத காண்டம்): நீண்டகால நோய்களுக்கான மருந்து
- 16 (திசாபுத்தி காண்டம்): நடக்கும் கோள் திசைகளின் பலன்

முதல் காண்டத்துக்கு ஒரு கட்டணமும், விரும்பிக் கேட்கும் ஒவ்வொரு காண்டத்துக்கும் தனிக் கட்டணமும் பெறுவது வழக்கம். சாந்தி காண்டம் பெரும்பாலும் கோயில் வழிபாடு, விளக்கேற்றல், அன்னதானம் முதலியவற்றை விதிக்கும். அவற்றை வந்தவர் தாமே செய்வதும் உண்டு. பொருள் கொடுத்துப் பிறரைக் கொண்டு செய்விப்பதும் உண்டு.

நாடி நூல்களும் நாடி ஏடுகளும்

நாடி என்ற பெயரில் இரு வேறு வகை எழுத்துகள் உள்ளன. அவற்றைப் பிரித்தறிவது தேவை.

முதல் வகை, சோதிடக் கணிப்பு முறையைக் கூறும் நூல்கள். தேவகேரளம் அல்லது சந்திரகலா நாடி என வழங்கும் வடமொழி நூல் இவ்வகையில் புகழ்பெற்றது. இதில் ஒவ்வோர் இராசியும் 150 நாடி அம்சங்களாகப் பகுக்கப்படுகிறது. 12 இராசிகளுக்கும் சேர்த்து 1,800 அம்சங்கள். இவற்றைச் சமமாகக் கொண்டால், ஒரு நாளில் ஓர் அம்சம் கீழ்வானில் எழ ஆகும் நேரம் சராசரியாக 48 நொடி, அதாவது பழைய கணக்கில் 2 விநாடி. இரட்டைக் குழந்தைகளின் வாழ்க்கையும் வேறுபடுவதற்குச் சோதிடர்கள் இந்நுண்பகுப்பைக் காரணமாகக் காட்டுவர். சப்தரிஷி நாடி என்ற பெயரில் உள்ள தமிழ் நூல் மாதிரிச் சாதகங்களையும் அவற்றுக்கான பலன்களையும் முனிவர்கள் உரையாடும் போக்கில் கூறுகிறது. சென்னை அரசினர் கீழ்த்திசைச் சுவடி நூலகம் இதன் பகுதிகளைப் பதிப்பித்துள்ளது. இவை நூலகங்களில் எவரும் பார்த்துப் படிக்கக்கூடியவை.

இரண்டாம் வகை, குறிப்பிட்ட ஒருவரின் பெயரும் பெற்றோர் பெயரும் வாழ்க்கை நிகழ்ச்சிகளும் அடங்கியதாகக் கூறப்படும் தனியாள் ஏடுகள். மக்கள் தேடிச் செல்வது இவற்றையே. இவை தனியார் வசம் உள்ளன. முதல் வகை நூல்கள் இருப்பது இரண்டாம் வகை ஏடுகளுக்குச் சான்றாகாது. கோள்நிலைக்குப் பொதுப் பலன் எழுதுவதும், பிறக்காத ஒருவரின் பெயரை எழுதுவதும் முற்றிலும் வேறான செயல்கள்.

ஏடுகளின் மொழியும் எழுத்தும்

நாடி ஏடுகள் வட்டெழுத்தில் எழுதப்பட்டவை என்று பரவலாகக் கூறப்படுகிறது. ஆனால் கல்வெட்டுகளில் காணும் வட்டெழுத்து, தமிழகத்தில் சோழர் காலத்திலேயே தமிழ் எழுத்துக்கு இடம் கொடுத்துப் படிப்படியாக வழக்கிழந்தது. கடந்த சில நூற்றாண்டுகளின் தமிழ் ஓலைச்சுவடிகள் பெரும்பாலும் தமிழ் எழுத்திலேயே, கூட்டெழுத்தும் சுருக்கக் குறிகளும் கலந்து எழுதப்பட்டவை. பழகாதவர் கண்ணுக்கு இவ்வெழுத்து வேற்றெழுத்துப் போலத் தோன்றும்.

ஓலைச்சுவடி வாசிப்பதில் உண்மையான இடர்ப்பாடுகள் பல உள்ளன. ஓலை கிழியும் என்பதால் மெய்யெழுத்துக்குப் புள்ளி வைப்பதில்லை. எகர ஏகார வேறுபாடும் ஒகர ஓகார வேறுபாடும் காட்டப்படுவதில்லை. இன்று நாம் எழுதும் இரட்டைக் கொம்பு வீரமாமுனிவர் (1680–1747) செய்த திருத்தத்தின் பயன். காலுக்கும் ரகரத்துக்கும் வேறுபாடு தெரியாது. சொற்களுக்கிடையே இடைவெளியும் இராது. ஆகவே ஒரே வரியைப் பலவாறு படிக்க இயலும். சரியான பாடத்தை முடிவு செய்ய யாப்பறிவும் பொருளறிவும் வேண்டும். உ. வே. சாமிநாதையர் (1855–1942) சீவக சிந்தாமணியை 1887இல் பதிப்பிக்கும் முன் பல பிரதிகளை ஒப்பிட்டு உழைத்தது இதனால்தான்.

இவ்விடர்ப்பாடு நாடி சோதிடத்தில் வேறொரு விளைவைத் தருகிறது. ஓலையில் உள்ளதைப் படிப்பவர் மட்டுமே அறிவார்; எதிரில் அமர்ந்திருப்பவரால் சரிபார்க்க இயலாது. படிக்கப்பட்ட சொல் ஓலையில் உள்ளதா என்பது, அவ்வோலையைச் சுவடிப் பயிற்சி உள்ள மற்றொருவர் தனியே படித்தால்தான் தெரியும்.

மொழியும் காலத்தைக் காட்டும் சான்றாகும். சாவி, மேசை, அலமாரி, ஜன்னல் ஆகியவை போர்த்துக்கீசியத்திலிருந்து தமிழுக்கு வந்த சொற்கள். போர்த்துக்கீசியர் இந்தியாவுக்கு வந்தது 1498இல். ஆகவே இச்சொற்களுள் ஒன்று ஒரு பாடலில் இயல்பாக வருமானால் அப்பாடல் 16ஆம் நூற்றாண்டுக்கு முற்பட்டதாக இருக்க இயலாது. முனிவர் அச்சொல்லையும் முன்னரே அறிந்திருந்தார் என்று விடை கூறலாம். ஆனால் அவ்விடையை ஏற்றுக்கொண்டால் எந்தச் சான்றும் எதையும் மறுக்க முடியாததாகிவிடும்.

பனையோலையின் ஆயுள்

பனை ஓலையும் கூந்தற்பனை ஓலையும் சுவடி எழுதப் பயன்பட்டன. ஓலையை நறுக்கி, வேகவைத்து, உலர்த்தி, மெருகிட்டு, துளையிட்டுக் கட்டாக்குவர். எழுத்தாணியால் கீறியபின் கரியும் கோவை இலைச் சாறும் மஞ்சளும் போன்றவற்றைத் தடவினால் எழுத்து தெளிவாகத் தோன்றும். தமிழகத்தின் வெப்பத்திலும் ஈரத்திலும், கரையானும் இராமபாணமும் தின்ன, ஓலை சில நூற்றாண்டுகளுக்கு மேல் நிற்பதில்லை. ஆகவே இரண்டாயிரம் ஆண்டுப் பழமையுள்ள சங்கப் பாடல்கள்கூட நமக்குக் கிடைத்திருப்பது அண்மை நூற்றாண்டுகளில் படியெடுக்கப்பட்ட ஏடுகளிலேயே.

அகத்தியர் கைப்பட எழுதிய ஓலை இன்று இருக்க இயலாது என்பதை நாடி சோதிடர்களும் ஏற்கின்றனர். பழைய ஏடுகளைப் பார்த்து மீண்டும் மீண்டும் படியெடுத்தவையே இவை என்பர். படியெடுத்தல் உண்மையான சுவடி மரபுதான். ஆனால் அம்மரபில் படியெடுத்தவர்கள் பலர் சுவடியின் இறுதியில் ஆண்டின் பெயர், மாதம், நாள், தம் பெயர், யாருக்காக எழுதியது ஆகியவற்றைக் குறித்துள்ளனர். ஒரே நூலின் பல பிரதிகள் பல ஊர்களில் கிடைக்கின்றன. அவற்றின் பாட வேறுபாடுகளைக் கொண்டு எது எதிலிருந்து வந்தது என அறியலாம். ஒருவரது நாடி ஏட்டுக்கு அவர் பிறப்பதற்கு முன் எழுதிய, நாள் குறித்த, வேறோர் இடத்தில் பாதுகாக்கப்பட்ட இன்னொரு பிரதி கிடைத்தால் அது மிக வலுவான சான்றாகும். அத்தகைய பிரதி எதுவும் பொது நூலகம் ஒன்றில் வைத்து நிறுவப்படவில்லை.

காலம் கணித்தல்

ஓலை ஒரு தாவரப் பொருள். ஆதலால் அதன் வயதைக் கதிரியக்கக் கரிமக் காலக்கணிப்பால் அறியலாம். வில்லர்டு லிப்பி 1940களின் இறுதியில் உருவாக்கிய இம்முறைக்காக அவருக்கு 1960இல் நோபல் பரிசு வழங்கப்பட்டது. உயிருடன் உள்ள தாவரம் காற்றிலிருந்து கரிமம்-14 என்னும் கதிரியக்க அணுவைச் சிறிதளவு ஏற்கிறது. அது வெட்டப்பட்டபின் அந்த அளவு 5,730 ஆண்டுகளுக்கு ஒருமுறை பாதியாகக் குறைகிறது. எஞ்சிய அளவைக் கொண்டு காலம் கணிக்கப்படுகிறது. முடுக்கிப் பொறியைப் பயன்படுத்தும் இன்றைய முறைக்கு மிகச் சிறிய துணுக்கே போதும். புதுதில்லியில் உள்ள பல்கலைக்கழகங்களுக்கிடையேயான முடுக்கி மையத்தில் இவ்வசதி உள்ளது.

ஓலைச்சுவடி ஆய்வில் இம்முறையின் பயனும் எல்லையும் பின்வருமாறு:

- ஏறத்தாழ 1650 முதல் 1950 வரையான காலத்துப் பொருள்களைத் துல்லியமாகப் பிரித்தறிவது கடினம். அக்காலத்தில் காற்றிலிருந்த கரிமம்-14 ஏறியும் இறங்கியும் மாறியதே காரணம்.
- 1950களிலும் 1960களின் தொடக்கத்திலும் நடந்த அணுகுண்டுச் சோதனைகளால் காற்றில் கரிமம்-14 ஏறத்தாழ இருமடங்கானது. ஆகவே 1950களின் நடுப்பகுதிக்குப் பின் வளர்ந்த ஓலையைத் தெளிவாக இனங்காண முடியும்.
- ஓலையின் வயது மட்டுமே தெரியும். எழுத்தின் வயது தெரியாது. பழைய வெற்றோலையில் புதிதாக எழுதவும் இயலும்.

பிற நாடுகளின் மறைபொருள் நூல்கள் இவ்வாறு ஆராயப்பட்டுள்ளன. அமெரிக்காவின் யேல் பல்கலைக்கழக நூலகத்தில் உள்ள வொய்னிச் கையெழுத்துச் சுவடி, இதுவரை எவராலும் ஏற்கத்தக்க வகையில் படிக்கப்படாத எழுத்தில் அமைந்தது. அதன் தோல் தாள்களிலிருந்து எடுத்த துணுக்குகளை 2009இல் ஆராய்ந்தபோது அவை 1404க்கும் 1438க்கும் இடைப்பட்டவை எனத் தெரிந்தது. அச்சுவடியின் பொருள் விளங்கவில்லை எனினும் அதைப் பற்றிய பல கதைகள் இவ்வொரு முடிவால் விலகின.

நெய்வேலியின் பழுப்பு நிலக்கரி இதற்கு நல்ல ஒப்பீடு. நிலக்கரியும் தாவரங்களிலிருந்து வந்ததே. ஆனால் கரிமம்-14 ஏறத்தாழ 50,000 ஆண்டுகளுக்குள் அளக்க இயலாத அளவுக்குக் குறைந்துவிடும் ஆதலால், பல கோடி ஆண்டுப் பழமையுள்ள நிலக்கரிக்கு இம்முறை பயன்படாது. அதிலுள்ள மகரந்தத் துகள்களையும் மரத்துண்டுகளையும் கொண்டே அதன் காலம் அறியப்படுகிறது. நெய்வேலிப் படிவு மயோசீன் காலத்தது என நெடுங்காலம் கருதப்பட்டது. அதனினும் பழைய ஈயோசீன் காலத்தது என்று காட்டும் மகரந்த ஆய்வுகளும் வெளிவந்துள்ளன. அறிஞரிடையே கருத்து வேறுபாடு உண்டு. எனினும் சுரங்கத்திலிருந்து ஒரு கட்டியை எடுத்து எந்த ஆய்வாளரும் மீண்டும் சோதிக்கலாம். காலத்தைப் பதிந்து வைத்த ஒரு பொருளைக் கட்டுக்கதையிலிருந்து பிரித்துக் காட்டுவது இந்த மறுசோதனை வாய்ப்பே.

ஐயப்பாடுகளும் விளக்கங்களும்

ஏடு பார்த்துத் திரும்பும் பலர், தம் பெற்றோர் பெயர்கூடச் சரியாக வந்தது என்று வியப்புடன் கூறுகின்றனர். இவ்வனுபவத்தைப் பொய் என்று ஒதுக்கிவிட இயலாது. ஆனால் அதற்கு ஏட்டின் ஆற்றல் தவிர வேறு விளக்கங்களும் உள்ளன.

விடைகளின் அளவு: ஆம், இல்லை என்னும் ஒவ்வொரு விடையும் இருக்கக்கூடியவற்றைப் பாதியாகக் குறைக்கவல்லது. சரியாக அமைந்த 20 கேள்விகளுக்கான விடைகள் 10,48,576 பேரில் ஒருவரை அடையாளம் காட்டப் போதும். 30 கேள்விகள் 107 கோடிப் பேரில் ஒருவரைக் காட்டும். பெயரின் முதலெழுத்து உயிரா, மூன்றெழுத்தா, முருகன் பெயரா என்று கேட்கும்போது வந்தவர் தாமே பெயரைச் சிறிது சிறிதாகச் சொல்லிவிடுகிறார். பல ஓலைகள் பொருந்தாமல் தள்ளப்படுவதால், தவறான கேள்விகள் வேறு யாருடைய ஏட்டையோ சேர்ந்தவை என்று எண்ணி மறந்துவிடுகிறார்.

கோள்நிலை: சனி ஓர் இராசியில் ஏறத்தாழ இரண்டரை ஆண்டும், வியாழன் ஏறத்தாழ ஓர் ஆண்டும் தங்கும். பிறந்த ஆண்டு தெரிந்தாலே இவ்விரு கோள்களின் இடத்தைப் பயிற்சியுள்ளவர் கூறிவிடலாம். மாதம் தெரிந்தால் சூரியன் இருக்கும் இராசியும், நட்சத்திரம் தெரிந்தால் சந்திரன் இருக்கும் இராசியும் பெரும்பாலும் தெரிந்துவிடும். ஆகவே சாதகக் கட்டம் சரியாக அமைவது பிறந்த நாளைத் தவிரப் புதிதாக எதையும் காட்டுவதில்லை.

பொதுப்பட்ட கூற்றுகள்: அமெரிக்க உளவியலாளர் பெர்ட்ரம் போரர் 1948இல் தம் மாணவர்கள் 39 பேருக்கு, தனித்தனியே எழுதப்பட்டவை எனக் கூறி ஒரே குணச்சித்திரக் குறிப்பைக் கொடுத்தார். அது தமக்கு எவ்வளவு பொருந்துகிறது என்று மாணவர்கள் இட்ட மதிப்பெண் சராசரியாக 5க்கு 4.26. எல்லோருக்கும் பொருந்தும் கூற்றைத் தமக்கே உரியது என ஏற்கும் இவ்வியல்பு மனிதர்க்குப் பொதுவானது.

விரல் ரேகை: கொல்கத்தாவில் 1897இல் தொடங்கப்பட்ட விரல் ரேகைப் பணியகம் பத்து விரல்களின் ரேகைகளையும் கொண்டே ஆட்களை வகைப்படுத்தியது. ஒரு பெருவிரலின் 108 வகை என்பது, 2011ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பின் 121 கோடி இந்தியரைப் பகுத்தால், ஒரு வகைக்கு ஒரு கோடிக்கு மேற்பட்டோரைத் தரும். ஆகவே ஏட்டைக் கண்டறிவதில் ரேகையின் பங்கு சிறிது. விடைகளின் பங்கே பெரிது.

சோதிடம் பொதுவாகவும் ஆய்வுக்கு உட்படுத்தப்பட்டுள்ளது. சான் கார்ல்சன் 1985இல் நேச்சர் இதழில் வெளியிட்ட ஆய்வும், வானியலாளர் ஜயந்த் நார்லிகர் குழுவினர் மகாராட்டிரத்தில் நடத்தி 2009இல் கரண்ட் சயன்ஸ் இதழில் வெளியிட்ட ஆய்வும் சோதிடர்களின் கணிப்பு தற்செயலை விஞ்சவில்லை எனக் காட்டின. இரண்டாவது ஆய்வில் 27 சோதிடர்கள் தலைக்கு 40 சாதகங்களைப் பார்த்து, கல்வியில் சிறந்த குழந்தை எது, அறிவு வளர்ச்சி குன்றிய குழந்தை எது எனப் பிரித்தனர். சராசரியாகப் பாதிக்கும் குறைவானவையே சரியாக இருந்தன. இலங்கையில் வாழ்ந்த பகுத்தறிவாளர் ஆபிரகாம் கோவூர் (1898–1978), சோதிடம் உள்ளிட்ட அற்புத ஆற்றல்களை மோசடிக்கு இடமில்லாத சூழலில் நிறுவுவோர்க்கு ஒரு இலட்சம் ரூபாய் தருவதாக அறிவித்திருந்தார். எவரும் அதைப் பெறவில்லை.

நாடி ஏட்டைச் சோதிப்பது சாதகத்தைச் சோதிப்பதைவிட எளிது. விரல் ரேகை மட்டும் பெற்றுக்கொண்டு, ஒரு கேள்வியும் கேட்காமல் ஏட்டை எடுத்துத் தரலாம். எடுத்த ஓலையை நிழற்படம் எடுத்துச் சுவடி அறிஞர் இருவரிடம் தனித்தனியே படிக்கக் கொடுக்கலாம். ஒரே ரேகையை இரு நிலையங்களில் கொடுத்து, வரும் பாடல்களை ஒப்பிடலாம். இவற்றுள் எதற்கும் பெருஞ்செலவோ அரிய கருவியோ தேவையில்லை.

சமூக விளைவுகள்

நாடி சோதிடம் பலருக்கு ஆறுதல் தருகிறது. குழந்தையின்மை, மணமுறிவு, தீராத நோய் ஆகியவற்றால் வருந்துவோர் தம் துன்பம் முன்பே அறியப்பட்டது, அதற்கு முடிவும் எழுதப்பட்டுள்ளது என்று கேட்கும்போது மன அமைதி அடைகின்றனர். அதே நேரத்தில் எட்டாம் காண்டம் கூறும் ஆயுள் முடிவு அச்சத்தை விளைவிக்கக்கூடியது. ஏழாம் காண்டத்தை நம்பித் திருமணம் தள்ளிப்போவதும், ஔடத காண்டத்தை நம்பி மருத்துவம் தாமதமாவதும் மீட்க முடியாத இழப்பாகலாம். மந்திரம், தாயத்து முதலியவற்றால் குறிப்பிட்ட நோய்கள் தீரும் என்று விளம்பரம் செய்வதை இந்தியாவில் 1954ஆம் ஆண்டின் மருந்துகள் மற்றும் மந்திரத் தீர்வுகள் சட்டம் தடை செய்கிறது.

சுவடிப் பாதுகாப்பு

தமிழ்நாட்டில் உண்மையான ஓலைச்சுவடிகள் பல்லாயிரம் உள்ளன. இலக்கியம், இலக்கணம், மருத்துவம், கணிதம், சோதிடம், நிலக்கணக்கு, குடும்பக் கணக்கு எனப் பல துறைகளை அவை தழுவியவை. தஞ்சாவூர் சரசுவதி மகால் நூலகம், சென்னை அரசினர் கீழ்த்திசைச் சுவடி நூலகம், சென்னை பெசன்ட் நகரில் உள்ள உ. வே. சாமிநாதையர் நூல்நிலையம் ஆகியவை அவற்றைத் தொகுத்து வைத்துள்ளன. புதுச்சேரியில் உள்ள சைவச் சுவடித் தொகுப்பு 2005இல் யுனெசுகோவின் உலக நினைவகப் பதிவேட்டில் சேர்க்கப்பட்டது. ஆடிப்பெருக்கில் ஆற்றில் விடப்பட்டும், அடுப்பில் எரிக்கப்பட்டும், பரண்களில் செல்லரித்தும் அழிந்தவை எண்ணிலடங்கா.

வீடுகளில் இன்றும் எஞ்சியுள்ள சுவடிகளைத் தாமே எண்ணெய் தடவியோ கழுவியோ சீர்செய்ய முயலாமல், கட்டைப் பிரிக்காமல், மேற்கூறிய நூலகங்களுள் ஒன்றை அணுகுவது நல்லது. ஏடு எதிர்காலத்தைக் கூறும் என்பதற்கு இதுவரை சான்று இல்லை. ஆனால் ஒரு சிற்றூரின் பழைய நிலக்கணக்கோ, ஒரு வைத்தியரின் கைமருந்துக் குறிப்போ, அச்சேறாத ஒரு தலபுராணமோ அழியாமல் காக்கப்பட்டால், கடந்த காலத்தைப் பற்றி வேறெங்கும் கிடைக்காத செய்தியை அது தரும்.